மின்மினித் தோழிகள் லேபிள்

பச்சைச் சட்டைக்காரியின் இடது புருவத்தில் ஒரு தழும்பு இருந்தது.

யோகேஸ்வரி காபி டம்ளரோடு டி.வி.க்கு முன்னால் அப்படியே நின்றுவிட்டாள். நாலரை மணிக் கார்ட்டூன். மகள் பிரீத்திகா பள்ளிக்கூட யூனிஃபார்மைக்கூடக் கழற்றாமல் தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்து, காராச்சேவைக் கொறித்தபடி 'மின்மினித் தோழிகள்' பார்த்துக்கொண்டிருந்தாள். பகலெல்லாம் பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு, சாயந்தரமானால் உலகத்தைக் காப்பாற்றக் கிளம்புகிற நாலு தோழிகளின் கதை அது. சிவப்பு, மஞ்சள், நீலம், பச்சை என்று ஆளுக்கொரு நிறத்தில் சட்டை. ஆபத்து என்றால் நாலு பேரும் வட்டமாகக் கைகோத்து நிற்பார்கள், உடம்பெல்லாம் ஒளி கிளம்பும், ஜிவ்வென்று பறப்பார்கள். கடல் தாண்டி எங்கோ வரைந்த படம். குரல் மட்டும் சென்னையில் யாரோ கொடுத்தது.

அந்தப் பொம்மைகளின் முகத்தில் ஒரு மரு கிடையாது, ஒரு கீறல் கிடையாது. உரித்த முட்டை மாதிரி வழுவழுவென்று இருக்கும். இது யோகேஸ்வரிக்குத் தெரிந்த அளவுக்குப் படத்தை வரைந்தவனுக்கே தெரிந்திருக்காது. போன வாரம் மூன்று நாள் அந்த நாலு முகத்தையும் கம்ப்யூட்டரில் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தவள் அவள்.

தூசியாக இருக்கும் என்று துப்பட்டாவால் திரையைத் துடைத்தாள். பச்சைச் சட்டைக்காரி சிரித்தாள். புருவம் ஏறியது. தழும்பும் கூடவே ஏறியது.

"எம்மா, மறைக்காத."

"இந்தப் பிள்ளைக்குப் புருவத்துல என்னடி அது?"

"சின்னப்பிள்ளையில அடுப்புக்கல்லுல விழுந்துட்டாகளாம்."

"யாரு சொன்னா?"

"அவுகதான்" என்று சொல்லிவிட்டு பிரீத்திகா காராச்சேவைக் கடித்தாள்.

அது யாருடைய தழும்பு என்று யோகேஸ்வரிக்குத் தெரியும்.

அவள் வேலை பார்ப்பது அய்யாதுரை அண்ணாச்சியின் ஆஃப்செட் பிரஸ்ஸில், டிசைன் பிரிவில். கல்யாணப் பத்திரிகை, காலண்டர், கண்ணீர் அஞ்சலி போஸ்டர், பட்டாசுப் பெட்டி லேபிள் என்று எல்லாம் அங்கே ஒரே மிஷினில்தான் ஓடும். இந்த சீசனுக்குப் பூச்சட்டி என்கிற புஸ்வாணத்தின் பெட்டிக்கு மின்மினித் தோழிகள் லேபிள் வேண்டும் என்று வடக்கேயிருந்து ஆர்டர் வந்தது. உரிமை கிரிமை எல்லாம் அண்ணாச்சி கேட்டு வாங்குகிற ஆள் இல்லை. "அப்படியே போட்டா கேஸு வந்துரும். உடுப்பு அதே இருக்கட்டும், மூஞ்சிய மட்டும் மாத்திரு. நம்ம ஊரு மூஞ்சியா வை. எவன் வந்து கேக்கப் போறான்?" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

அதற்கு முந்தின சனிக்கிழமைதான் சாத்தூர் பக்கத்துக் கிராமம் ஒன்றில், உள்குத்தகைக்கு விட்டிருந்த பட்டாசு ஷெட் வெடித்தது. மருந்து அடைக்கிற ரூம். பள்ளிக்கூடம் லீவு என்று அன்றைக்கு மட்டும் வேலைக்குப் போன நாலு பெண் பிள்ளைகள் உள்ளே இருந்தார்கள். ஒரே தெரு, ஒரே வகுப்பு, ஒரே வேனில் போனவர்கள். பதினைந்து, பதினாறு வயசு. ஊர்க்காரர்கள் நாலு போட்டோவைக் கொண்டுவந்து கொடுத்து அஞ்சலி போஸ்டர் அடிக்கச் சொன்னார்கள். யோகேஸ்வரிதான் ஸ்கேன் செய்தாள். புருவத்தில் தழும்பு உள்ளவள் முத்துச்செல்வி. மற்றவர்களில் ஒருத்திக்குத் தெத்துப்பல், ஒருத்திக்குத் தாடையில் மச்சம், ஒருத்திக்கு ஒற்றைக்கல் மூக்குத்தி.

போஸ்டருக்காக நாலு முகத்தையும் கட்டிங் போட்டு வைத்தாள். கட்டிங் என்றால், தாடையில் ஒரு புள்ளி வைத்து, அங்கிருந்து காதோரம், நெற்றி, மறு காது என்று புள்ளி புள்ளியாக முகத்தைச் சுற்றிக் கோடு இழுத்துக்கொண்டே வருவது. கடைசிப் புள்ளி முதல் புள்ளியைத் தொட்டதும் முகம் தனியே கழன்று வந்துவிடும். எந்த உடம்பில் வேண்டுமானாலும் ஒட்டிக்கொள்ளலாம்.

போஸ்டர் அச்சுக்குப் போகவில்லை. அந்த ஷெட்டை நடத்தியவன் அண்ணாச்சியின் மச்சான். "பொறந்த தேதியும் போட்டு நாலு பிள்ளைக படத்த ஊரெல்லாம் ஒட்டினா, வயசு இம்புட்டுன்னு போலீஸுக்கு நாமளே எழுதிக் குடுத்த மாதிரி ஆயிராதா? மிஷின் ரிப்பேருன்னு சொல்லி அனுப்பிரு" என்றார் அண்ணாச்சி. யோகேஸ்வரி அப்படியே சொல்லி அனுப்பினாள். போட்டோக்களைக் கையில் திருப்பிக் கொடுத்தாள். கட்டிங் போட்ட நாலு முகமும் சிஸ்டத்தில் கிடந்தது. லேபிளுக்கும் நாலு முகம் வேண்டும். சாயந்தரத்துக்குள் அச்சுக்குப் பிளேட் போட்டாக வேண்டும்.

ஒட்டினாள். வேறு என்ன சொல்ல? ஒட்டினாள். வாயை இரண்டு பக்கமும் இழுத்துச் சிரிக்க வைத்தாள், கண்ணைக் கார்ட்டூன் மாதிரி பெரிதாக்கினாள், மச்சத்தையும் தழும்பையும் எடுக்க நேரமில்லை என்று விட்டுவிட்டாள். நடுவில் மத்தாப்பு பிடித்துக்கொண்டு ஒரு சின்னப் பிள்ளை நின்றால் நன்றாக இருக்குமே என்று பட்டது. லேபிள் போடுகிற ஆட்களுக்குத் தங்கள் வீட்டுப் பிள்ளையை ஒரு தடவையாவது பட்டாசுப் பெட்டியில் ஏற்றிப் பார்க்கிற ஆசை உண்டு. அதில் ஒரு பெருமை. பிரீத்திகா கம்பி மத்தாப்போடு நிற்கும் போட்டோ கைவசம் இருந்தது. ஒரு வட்டத்துக்குள் அந்தப் படத்தை முழுசாக அப்படியே வைத்தாள், கட்டிங்கூடத் தேவைப்படவில்லை. நாலு பேருக்கும் நடுவில் மகள் சிரித்தாள். முதல் லோடு ஒரு லட்சம் லேபிள் ஓடி முடிந்து பெட்டிக்கும் போய்விட்டது.

மறுநாள் செவ்வாய்க்கிழமை, டி.வி.யில் மற்ற மூன்று பேருக்கும் வந்துவிட்டது. தெத்துப்பல், மச்சம், மூக்குத்தி. அந்த வாரம் யோகேஸ்வரிக்குக் காலை ஷிஃப்ட், மூன்று மணிக்கெல்லாம் வீட்டில் இருப்பாள். அடுப்படியில் பாத்திரம் கழுவிக்கொண்டே காதைத் தீட்டிக்கொண்டிருந்தாள். வெளியே ஆடிக் காற்று தகரத்தைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தது, தூரத்தில் ஏதோ கம்பெனியில் சரம் வெடித்துச் சோதனை பார்க்கிற சத்தம் விட்டு விட்டுக் கேட்டது, பக்கத்து வீட்டுக் கமருன்னிசா மிளகாய் வறுக்கிற நெடி ஜன்னல் வழியாக வந்து தொண்டையைக் கமறியது. எல்லாம் தினமும் இருக்கிறதுதான். ஆனால் டி.வி.யில் அந்தப் பிள்ளைகள் பேசுகிற பேச்சு மாறியிருந்தது. "வாருங்கள் தோழிகளே" என்று சென்னைக் குரலில் கூவுகிறவர்கள், "ஏ பிள்ள, இங்கன உக்காரு, அங்கன காத்தடிக்குது" என்றார்கள். சாத்தூர்ப் பேச்சு. அசல்.

ஈரக் கையோடு வந்து பார்த்தாள். பிரீத்திகா வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"எதுக்குடி சிரிக்க?"

"அந்த அக்கா பொட்டலத்துல சோத்த வச்சுக்கிட்டு ஊறுகாய மறந்துட்டு வந்துட்டாகம்மா."

அப்படி ஒரு காட்சி எந்தக் கார்ட்டூனில் வரும்? யோகேஸ்வரி சேனலை மாற்றினாள். எல்லாச் சேனலும் சரியாக ஓடியது. செய்தி, சீரியல், சமையல். திருப்பி அங்கே வந்தாள். நாலு பேரும் பேசுவதை நிறுத்திவிட்டு, அவள் சேனலை மாற்றியதற்கு மனசு சங்கடப்பட்ட மாதிரி நேராகப் பார்த்தார்கள்.

புருஷன் காளீஸ்வரன் லாரியில் லோடு ஏற்றிக்கொண்டு நாக்பூர்ப் பக்கம் போயிருந்தான். போனில் சொன்னாள். "நீ கம்ப்யூட்டரப் பாத்துப் பாத்துக் கண்ணு கெட்டுப்போச்சு. நல்லாத் தூங்கு" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டான். அவன் சொன்னதையே பிடித்துக்கொள்ளலாம் என்று அவளுக்கும் ஆசையாகத்தான் இருந்தது.

புதன்கிழமை சண்டை இல்லை, பறத்தல் இல்லை, பாட்டுகூட இல்லை. நாலு பெண்களும் ஒரு சின்ன ரூமில் கால் மடக்கி உட்கார்ந்து, தலையைக் குனிந்துகொண்டு, பேப்பர்க் குழாயில் மருந்து அடைத்துக்கொண்டிருந்தார்கள். சுவரில் ஒரு கதவு. வெளியே வெயில். சரக், சரக் என்று கை ஓடுகிற சத்தம் மட்டும். ஐந்து நிமிஷம், பத்து நிமிஷம், கால் மணி நேரம். ஒரு குழந்தை இதை எப்படி உட்கார்ந்து பார்க்கும்? பிரீத்திகா கண் இமைக்காமல் பார்த்தாள். அவள் விரல்களும் மடியில் சின்னதாக அசைந்துகொண்டிருந்தன, அதே வேகத்தில், அதே தாளத்தில்.

வாடை வந்தது. கந்தகமும் அலுமினியத் தூளும் வியர்வையும் கலந்த வாடை. இந்த ஊர்க்காரிக்கு அதைச் சொல்லித்தர வேண்டாம். கம்பெனி வேன் சாயந்தரம் நின்று ஆட்களை இறக்கிவிடும்போது அடிக்கும் அந்த வாடை. வீட்டுக்குள் அது எப்படி வந்தது?

தெத்துப்பல்காரி தலையை நிமிர்த்தினாள். "ஏ பிரீத்திகா, உனக்குத்தான் நடுவுல இடம் போட்டிருக்கோம். எப்ப வார?"

"எம்மா விடணும்லக்கா" என்றாள் பிரீத்திகா.

யோகேஸ்வரி பாய்ந்து போய் பிளக்கைப் பிடுங்கினாள். திரை கறுத்தது. பிரீத்திகா ஓவென்று அழ ஆரம்பித்தாள், தரையில் காலை உதைத்து அழுதாள். அவள் கையைப் பிடித்துத் தூக்கியபோதுதான் யோகேஸ்வரி பார்த்தாள். விரல் நுனி ஐந்தும் வெள்ளி வெள்ளியாக மினுங்கியது. அலுமினியத் தூள். பாத்திரம் தேய்க்கிற நாரைப் போட்டுத் தேய்த்தாள். தோல் சிவந்தது. வெள்ளி போகவில்லை.

வாசலில் யாரோ கூப்பிட்டார்கள்.

வந்தவளுக்கு ஐம்பது வயது சொல்லலாம், ஆனால் நாற்பதுகூட இருக்காது. எண்ணெய் காணாத தலை. கையில் மஞ்சள் பை. "நீங்கதான் பிரஸ்ஸுல படம் போடுற தாயியா? எம் பேரு தங்கத்தாய். முத்துச்செல்வியோட அம்மா."

யோகேஸ்வரி கதவை மறித்தபடி நின்றாள். தங்கத்தாய் வாசல்படியிலேயே உட்கார்ந்து பையிலிருந்து போட்டோவை எடுத்தாள். பள்ளிக்கூடத்தில் எடுத்த படம். யூனிஃபார்ம் இருந்தது, இரட்டைச் சடை இருந்தது, சிவப்பு ரிப்பன் இருந்தது. இரண்டு சடைக்கும் நடுவில் வெள்ளை. காகிதம் கிழியவில்லை, சுரண்டவில்லை, தடவினால் வழுவழுவென்றுதான் இருந்தது. முகம் மட்டும் இல்லை. இடது காதோரம் அவசரத்தில் கை தவறி, வளையாமல் நேராக இழுத்துவிட்ட கோடு ஒன்று உண்டு. அது யோகேஸ்வரி இழுத்தது. அந்தக் கோடு அங்கே அப்படியே இருந்தது.

"வாங்கிட்டுப் போனப்ப நல்லாத்தான் இருந்துச்சு தாயி. மறுநா எடுத்துப் பாக்கேன், இப்படி. மத்த மூணு வீட்லயும் இதே கததான். வர்ற ஞாயித்துக்கிழம பதினாறாம் நாளு. மால போட ஒரு முகம் வேணும்ல? நீங்க கம்ப்யூட்டருல எடுத்தத திருப்பி ஒட்டிக் குடுத்துருங்க."

"வேற படம் இல்லையாம்மா?"

"எங்க வீட்ல யாரு தாயி படம் எடுக்கா? ஆஸ்பத்திரியில சாக்குல கட்டித்தான் குடுத்தாக. அவுக்காதீகன்னு சொல்லிட்டாக. கடைசியா முகத்தக்கூடக் காட்டல." அவள் அழவில்லை. அழுது முடித்திருந்தாள். "சின்னதுல அடுப்புக்கல்லுல விழுந்து புருவம் கிழிஞ்சு போச்சு, அந்தத் தழும்பு மட்டும் மறையாம இருக்கட்டும். அது இருந்தாத்தான் எம் பிள்ள."

சொல்லிவிடலாம். உன் பிள்ளை முகத்தை நான்தான் எடுத்தேன், பூச்சட்டிப் பெட்டியில் ஒட்டினேன், ஊர் ஊராகச் சிரித்துக்கொண்டு போகிறாள் என்று சொல்லிவிடலாம். வேலை போய்விடுமே என்று பயம் வந்தது. "பாக்கேன்மா" என்றாள்.

பிரீத்திகா அழுகையை நிறுத்திவிட்டுக் கதவோரம் வந்து நின்றாள். தங்கத்தாயை ஏற இறங்கப் பார்த்தாள்.

"ஏத்தா, தலைக்கு எண்ணெ தேக்காம ஏன் இப்படிக் கெடக்க?" என்றாள், பெற்ற தாயைக் கேட்கிற மாதிரி.

தங்கத்தாய் எழுந்துவிட்டாள். பை கீழே விழுந்தது. பிரீத்திகாவின் கன்னத்தைத் தொடக் கையை நீட்டியவள், தொடாமல், அந்தக் கையைத் தன் வாயில் வைத்துப் பொத்திக்கொண்டு தெருவில் இறங்கி நடந்தாள். ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

மறுநாள் வியாழக்கிழமை. காலை ஷிஃப்டுக்கு லீவு சொல்லிவிட்டு மகளைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அண்ணாச்சி மத்தியானத்துக்கு மேல்தான் பிரஸ்ஸுக்கு வருவார். பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளையைக் கூட்டி வந்து கூடவே வைத்துக்கொள்ளும்படி கமருன்னிசாவிடம் சொன்னாள். "எங்க வீட்டுக்குக் கூட்டிப் போயிருங்கக்கா. டி.வி. மட்டும் வேண்டாம்" என்றாள். கமருன்னிசா ஏன் எதற்கு என்று கேட்கிற ஆள் இல்லை. சரி என்றாள்.

பிரஸ்ஸில் முதலில் சிஸ்டத்தைத் திறந்து பார்த்தாள். ஸ்கேன் செய்து வைத்த நாலு படமும் இருந்தது. சடை இருந்தது, காலர் இருந்தது. நாலிலும் நடுவில் வெள்ளை. தனியாக எடுத்து வைத்திருந்த முகங்களும் இல்லை. இப்போது அந்த நாலு பிள்ளைகளுக்கும் முகம் இருப்பது லேபிளில் மட்டும்தான். இன்றைக்குச் சாயந்தரம் இரண்டாவது லோடு ஓடப் போகிறது. பெட்டியைப் பிரிப்பான், பூச்சட்டியைக் கொளுத்துவான், பெட்டியைக் குப்பையில் போடுவான். அவ்வளவுதான் அந்த முகங்களுக்கு.

லேபிளிலிருந்து நாலையும் எடுத்துப் பழைய படத்தில் வைத்துப் பார்க்கலாம். லேபிளை நிறுத்தச் சொல்லலாம். போஸ்டரையும் அடித்துக் கொடுக்கச் சொல்லலாம். இதையெல்லாம் கேட்கத்தான் அண்ணாச்சியின் ரூமுக்குப் போனாள். கதவைத் திறந்ததும் அவர் முகத்தைப் பார்த்தாள். கேட்டது வேறு.

"அண்ணாச்சி, லேபிள்ல எம் மக படம் இருக்கு. அத மட்டும் எடுத்துரட்டுமா?"

நாலு பிள்ளைகளுக்காகப் பேசப் போனவள் தன் பிள்ளைக்காக மட்டும் பேசினாள். நடுவில் இடம் இல்லையென்றால் கூப்பிட மாட்டார்கள் என்பது அவள் கணக்கு.

"நீயே வச்சுட்டு நீயே எடுக்கணும்னு சொல்லுத. கண்ணு பட்டுருமோ?" அண்ணாச்சி சிரித்தார். "சரி விடு. எம் பேத்தி பெங்களூர்லருந்து வந்திருக்கா. அவ மூஞ்சிய வச்சிரு. உடம்பும் மத்தாப்பும் அப்படியே இருக்கட்டும், மூஞ்சிய மட்டும் எடு. போட்டோ அனுப்பச் சொல்லுதேன். லாரி நிக்கிது, சீக்கிரம் முடி."

அந்தப் பேத்தியை யோகேஸ்வரி பார்த்திருக்கிறாள். நாலு வயசு. பிரஸ்ஸுக்கு வந்தால் கலர் மிட்டாய் கேட்கும். வேண்டாம் அண்ணாச்சி என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சரி அண்ணாச்சி என்று சொல்லிவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

மிஷின் ஓடுகிற அதிர்வில் மேஜை நடுங்கிக்கொண்டிருந்தது. பக்கத்து சிஸ்டத்தில் தருண்குமார் காதில் பாட்டை மாட்டிக்கொண்டு காலண்டர் கட்டம் போட்டுக்கொண்டிருந்தான். யோகேஸ்வரி லேபிளைத் திறந்து மகள் முகத்தைப் பெரிதாக்கினாள். தாடையில் முதல் புள்ளியை வைத்தாள். கன்னத்தோரம் ஒன்று. மேலே ஒன்று. காதுமடல் தொடங்குகிற இடத்தில் ஒன்று. கை பழகின வேலை, மனசு லேசானது. நெற்றியை எட்டும்போது போன் அடித்தது. கமருன்னிசா.

"யோகம், பிள்ள மூஞ்சியில என்னமோ கோடு மாதிரி வந்திருக்கு. வெள்ளிக் கோடு. தாடையில இருந்துச்சு, சோப்புப் போட்டுக் கழுவினேன், போகல. இப்ப காதுகிட்ட ஏறிருச்சு. யா அல்லா, நெத்திக்கு வந்திருச்சு யோகம்!"

யோகேஸ்வரி திரையைப் பார்த்தாள். நெற்றியில் அவள் கடைசியாக வைத்த புள்ளி மினுக்கிக்கொண்டிருந்தது.

மவுஸிலிருந்து கையை எடுத்தாள்.

"இப்ப?"

"இப்ப நின்னுருச்சு."

ஒரு புள்ளியை அழித்தாள். இரண்டு புள்ளியை அழித்தாள். எல்லாவற்றையும் அழித்தாள். "இப்ப கொறைஞ்சுச்சாக்கா?"

"இல்லியே. அப்படியேதான் இருக்கு."

திரையைப் பார்த்தாள். அழித்த புள்ளிகள் எல்லாம் வைத்த இடத்திலேயே இருந்தன.

கட்டிங் போட்ட முகந்தான் போகும். நாலு பேருக்கும் அப்படித்தான் போனது. லேபிளில் முழுசாக நின்ற வரைக்கும் மகள் முகத்துக்கு ஒன்றும் ஆகவில்லை, வெறும் கூப்பிடல்தான். வெட்டியது நான். என் கையால் நான். "பிள்ளையத் தூக்கிக்கிட்டு வெளிய நில்லுங்க, நா வாரேன்" என்று போனில் கத்திவிட்டு எழுந்தாள். "ஏலே தருண், இத யாரும் தொடக் கூடாது, கேட்டியா?" தருண்குமார் பாட்டுக்குத் தலையாட்டுகிறானா தனக்குத் தலையாட்டுகிறானா என்று நின்று பார்க்க நேரமில்லை.

தூறல் போட்டது. நாலு மணிக்கே வானம் கறுத்துக் கிடந்தது. ஸ்கூட்டியை முறுக்கிக்கொண்டு வந்தால் ரயில்வே கேட் சாத்தியிருந்தது. முன்னால் லாரி, பின்னால் கம்பெனி வேன், வேனுக்குள் நசுங்கி உட்கார்ந்த பெண்கள். வாடை அடித்தது. போனை எடுத்து தருண்குமாருக்குப் போட்டாள். எடுக்கவில்லை. மறுபடி. எடுக்கவில்லை. மறுபடி.

"சொல்லுங்கக்கா."

"சிஸ்டத்த யாரும் தொடலல்ல?"

"அண்ணாச்சி வந்து சத்தம் போட்டாருக்கா. பேத்தி படம் வந்திருச்சு. நீங்க விட்ட எடத்துலருந்து நாந்தான் போட்டுக்கிட்டு இருக்கேன்."

"நிறுத்துலே! தருண், நிறுத்து!"

ரயில் வந்தது. பெட்டி பெட்டியாக, முடியாமல், இரைந்துகொண்டு.

"கேக்கலக்கா... என்னது? ஆமாக்கா, மறு காது தாண்டியாச்சு. இன்னும் நாலஞ்சு புள்ளிதான். வச்சிர்றேன்."

வைத்துவிட்டான்.

கேட் ஏறியது. எப்படி வந்து சேர்ந்தாள் என்று தெரியாது. தெருவில் வாசலுக்கு வெளியே கமருன்னிசா நின்றாள். வெறும் கையோடு. "இடுப்புல வச்சிருந்தேன் யோகம். வழுக்கிக்கிட்டு எறங்கி உங்க வீட்டுக்குள்ள ஓடிருச்சு. பின்னாடியே போனேன். உள்ள..." மூக்கை முக்காட்டால் பொத்திக்கொண்டு சுவரில் சாய்ந்துவிட்டாள்.

கதவு திறந்துதான் கிடந்தது.

உள்ளே இருட்டு இல்லை. மங்கல். மருந்து வாடை. டி.வி.யின் பிளக் தரையில் கிடந்தது. திரை கறுப்பு.

நடுவில் பிரீத்திகா. சப்பணமிட்டு, நேராக.

சுற்றி நாலு பேர். கால் மடக்கி. பாவாடைக்கு மேல் ஆம்பளைச் சட்டை. தலையில் துணி. முழங்கை வரைக்கும் வெள்ளி. இரட்டைச் சடை. இரண்டு சடைக்கும் நடுவில் ஒன்றுமில்லை. பின்னாலிருந்த சுவர் தெரிந்தது. சுவரில் அடித்த ஆணி தெரிந்தது.

ஒருத்தியின் விரல் பிரீத்திகாவின் கன்னத்தில் இறங்கிக்கொண்டிருந்தது.

ஒரு புள்ளி. நின்றது. இன்னொரு புள்ளி.

யோகேஸ்வரி பாய்ந்தாள். மகளுக்கு முன்னால் முழங்காலில் விழுந்து, இரண்டு கையாலும் அந்தச் சின்ன முகத்தை மூடிப் பொத்திக்கொண்டாள். யாரும் தடுக்கவில்லை. நாலு பேரும் கொஞ்சம் விலகி இடம் கொடுத்தார்கள்.

உள்ளங்கைக்கு அடியில் ஏதோ நகர்ந்தது. குளிர்ச்சியாக. நூல் மாதிரி. கன்னத்திலிருந்து தாடைக்கு.

"எம்மா, அழுத்தாத. வலிக்குது."

"ஒண்ணுமில்லடி. ஒண்ணுமில்ல தங்கம். அம்மா பிடிச்சிருக்கேன்ல."

இன்னொரு புள்ளி.

தாடையின் நடுவில் வந்து தொட்டது. நின்றது.

அதற்கப்புறம் பிரீத்திகா பேசவில்லை. மூச்சு மட்டும் விரல் இடுக்கில் வந்தது. யோகேஸ்வரியின் கை நடுங்கியது. கையோடு சேர்ந்து முகமும் நடுங்கியது. தலை நடுங்கவில்லை. கையை ஒரு நூல் இடதுபக்கம் நகர்த்தினாள். முகம் வந்தது. தலை அங்கேயே இருந்தது.

நாலு பேரும் வெள்ளிக் கைகளை ஏந்திக்கொண்டு காத்திருந்தார்கள். யோகேஸ்வரி கையை எடுக்கவில்லை.